மடியில் போட்டுப் பேர் வைத்தது

— மறுபடியும் பேர் வைக்கணும், சந்திரா. ஐயரக் கூப்பிட்டு, முறையா.

— ஏங்க, முந்தாநேத்துதான வச்சோம்? மாடி ரூம்ல தங்கியிருக்கற அமெரிக்கா அம்மா மடியில பேத்தியப் போட்டு, காதுல பேரச் சொல்லச் சொன்னதே நீங்கதான?

— அம்மாவா அது? ஆம்பளயாப் பொறந்தேன்னு டீக்கடை தருமன்கிட்ட அதுவே சொல்லியிருக்கு. செங்கம் ரோடே சிரிக்குது. ச்சீ, நெனச்சாலே கொமட்டுது.

— சாமி மாதிரி இருக்காங்கன்னு அவங்க கால்லயே விழுந்தீங்க.

— தெரியாம விழுந்துட்டேன். ரூமக் காலி பண்ணச் சொல்லு. பினாயில் ஊத்திக் கழுவணும்.

— அவங்க ஒண்ணும் மறைக்கல. நம்ம பொண்ணு மணிமொழிகிட்ட எல்லாம் சொல்லியிருக்காங்க, அவ எனக்குத் தமிழ்ல சொன்னா. நவஹோன்னு பழங்குடி சனமாம். இப்படிப் பொறக்கறவங்களுக்கு அங்க நாட்லீஹின்னு பேராம். வீட்டுல ஒருத்தர் இருந்தா அதிர்ஷ்டம்னு, ஆட்டு மந்தையவே நம்பி ஒப்படைப்பாங்களாம்.

— அப்ப அங்கயே மேய்க்க வேண்டியதுதான? மலையச் சுத்த இங்க எதுக்கு வருது?

— அங்கயும் இப்ப உங்கள மாதிரி ஆளுங்க ஜாஸ்தியாயிட்டாங்களாம். வெள்ளக்காரன் பள்ளிக்கூடம் வச்சு, அதெல்லாம் கேவலம்னு சொல்லிக் குடுத்தானாம். சொந்த சனத்துலயே பாதிப்பேரு காறித் துப்பறாங்களாம்.

— துப்பத்தான் செய்வாங்க.

— இந்தக் கட்டடம் தெறந்த அன்னிக்கு, திருநங்கைங்களக் கூப்பிட்டுத் திருஷ்டி சுத்தச் சொன்னீங்களே. அப்ப கொமட்டலையா?

— அது ராசிக்கு. வாசல்ல சுத்திட்டுப் போயிட்டாங்க. வீட்டுக்குள்ளயா குந்த வச்சேன்?

— கைராசி மட்டும் வேணும், அப்படித்தான? பெத்த மூத்த புள்ள அருள்ராஜு பொடவை கட்டி நின்னதுக்கு, செருப்பால அடிச்சுத் தொரத்துன ஆளுதான நீ.

— அவன் பேர எடுக்காத. அவனுக்குத் தல முழுகியாச்சு.

— நீ முழுகின. நான் முழுகல.

— என்னாடி, நீ வா போன்னு பேசற?

— எனக்கும் கொமட்டுதுய்யா. இத்தன வருஷம் உனக்குச் சோறு போட்டு, பக்கத்துல உக்காந்து நானும் தின்னிருக்கேன் பாரு, அத நெனச்சா.

— பேச்ச வளக்காத. நீ போய்ச் சொல்றியா, இல்ல நானே மேல போய்க் கழுத்தப் புடிச்சு வெளிய தள்ளவா?

— போ, தள்ளு. ஆனா ரூம்ல அந்தம்மா தனியா இல்ல. குழந்தையப் பாத்துட்டுப் போடின்னு என் மூத்த புள்ளைய நான்தான் வரச் சொன்னேன். உன் பேத்தி இப்ப அவ பெரியம்மா மடியில தூங்கறா.