மனுவை மீட்டுக்கொண்ட தலைவர் திருமாறன்

மேடையில் வீற்றிருக்கும் கோயில் தலைவர் நல்லுசாமி ஐயா அவர்களே, இந்த இரங்கல் கூட்டத்துக்கு ரிங்லெட் ஊரிலிருந்தும் மேல் லயத்திலிருந்தும் வந்திருக்கும் பெரியோர்களே, தாய்மார்களே, வணக்கம்.

குடியிருப்போர் குழுவின் செயலாளர் வாசுகி பேசுகிறேன். எங்கள் தலைவர் அமரர் திருமாறன் அவர்களைப் பற்றி இனிக்க இனிக்கப் பேச நான் வரவில்லை. நோயில் போனவரா அவர்? விபத்தில் போனவரா? நம்மவர் கையால் வெட்டுப்பட்டுப் போனவர்.

நம் தேயிலைத் தோட்டத்து லய வீடுகளை இடிக்க நிர்வாகத்தின் புல்டோசர் வந்தபோது அதன் முன்னால் படுத்தவர் யார்? திருமாறன். "ஏத்து தம்பி. ஏத்திட்டு, ஒரு வீடு காலியாயிடுச்சுன்னு துரைகிட்ட போய்ச் சொல்லு" என்றார். ஓட்டுநர் இறங்கி நடையைக் கட்டினார். இடிக்கக் கூடாது என்று உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டவரும் அவரே.

அப்போது முனியாண்டி சாமி முன்னால் சூடத்தில் அடித்துச் சத்தியம் செய்தோம், வழக்கை யாரும் மீட்கக் கூடாது, திரும்பப் பெறக் கூடாது என்று. நம்மிடையே சூடத்தில் அடித்துவிட்டால் பிறகு பேச்சே இல்லை. ஆனால் நீதிபதி என்ன கேட்டார்? இதற்கென்று தீர்ப்பாயம் இருக்கும்போது இங்கே ஏன் வந்தீர்கள், தள்ளுபடி செய்யட்டுமா, மீட்டுக்கொள்கிறீர்களா என்று கேட்டார். தள்ளுபடியானால் எல்லாம் போச்சு, மீட்டுக்கொண்டால் தீர்ப்பாயத்துக்குப் போகலாம் என்றார் நம் வக்கீல். நம் வீடுகளுக்காகத் தலைவர் தன் சத்தியத்தை மீறினார். அன்றே தீர்ப்பாயத்தில் புது மனுவும் போட்டார்.

லயத்துக்கு வந்து சேர்ந்ததோ பாதிச் செய்தி. "கேஸ வித்துட்டாருலா" என்று ஒருவன் சொன்னான், ஊரே நம்பியது. பஸ்ஸை விட்டு இறங்கியவரை ஒரு வார்த்தை பேச விட்டீர்களா? கட்டையால் அடித்து மண்டையை உடைத்தீர்கள். விழுந்து கிடந்தவரின் கழுத்தில், தேயிலைச் செடியைக் கவ்வாத்து செய்யும் கத்தியால் தர்மா வெட்டினான். அவன் இன்று கம்பிக்குப் பின்னால் இருக்கிறான். கட்டை பிடித்த கைகள் எங்கே? சில கைகள் இங்கே மாலையோடு வந்திருக்கின்றன. யார் யார் என்று காலையிலேயே போலீசில் சொல்லிவிட்டுத்தான் மேடை ஏறினேன்.

அதோடு நின்றதா? அடக்கம் முடிந்த கையோடு, பழி வாங்குகிறோம் என்று இளைஞர்கள் தர்மாவின் வீட்டுக்குத் தீ வைத்தார்கள். உள்ளே அவன் மனைவி குமுதாவும் கைக்குழந்தையும் இருந்தார்கள். பக்கத்து வீட்டார் கதவை உடைத்து இழுக்காவிட்டால் இன்னும் இரண்டு சவம் விழுந்திருக்கும். எந்த வீடுகளைக் காக்க அவர் செத்தாரோ அவற்றில் ஒன்றைக் கொளுத்திவிட்டு அவர் பெயரைச் சொல்கிறீர்களே, நாக்கு கூசவில்லையா?

தீர்ப்பாயம் அவர் மனுவை ஏற்று, இடிப்பதற்கு இடைக்காலத் தடை விதித்துவிட்டது. திங்கட்கிழமை விசாரணை, எல்லாரும் ஒரே லோரியில் போகிறோம். தலைவரின் இடத்தில் அவர் மனைவி கங்கா அக்கா நின்று பேசுவார். குமுதாவும் மனுதாரர்தான், அவளைச் சேர்த்ததும் தலைவர்தான். எரிந்த அந்த வீட்டுக்கும் சேர்த்தே நாங்கள் வழக்காடுவோம். இது குழுவின் உறுதிமொழி.

குமுதா எந்த முகத்தோடு நம்முடன் வருவாள் என்று நேற்று சிலர் கேட்டீர்கள். கங்கா அக்கா சொன்ன பதிலை அப்படியே சொல்லி அமர்கிறேன்.

"அவ லோரியில என் பக்கத்துலதான் உக்காருவா. அவமேல கை வைக்கிறவன் மொதல்ல என்னை வெட்டட்டும்."