பத்து விநாடிக்குள் ஒரு சாவு

— என்னது, ஆறாவது எபிசோட்லயே சாகுறேனா?

— ஆமாங்க. விஷம்.

— யாரு வைக்கிறது?

— உங்க சம்சாரம்... கதைல.

— கதைலன்னு சேர்த்துச் சொன்னியே, சந்தோஷம்! ஏம்மா, பழைய நாடகத்துலதான் ராணி ராஜாவுக்கு விஷம் வைப்பா. இது செருப்புக் கம்பெனி முதலாளி கதைன்னுதானே சொன்னே?

— அதே ராஜாதாங்க. கிரீடத்தைக் கழட்டிட்டு கம்பெனியைக் குடுத்திருக்கேன். மூணு பசங்க, வாரிசுச் சண்டை, தளபதிக்குப் பதிலா மேனேஜர்... மத்ததெல்லாம் அப்படியேதான்.

— குறி சொல்ற குருட்டுக் கிழவன்?

— அவர் இப்ப ஒரு ஆப். போன்ல வருவார்.

— கர்மம்! சரி, சாகும்போது எனக்கு எவ்வளவு வசனம்?

— ஒரு வார்த்தை.

— ஒரு வார்த்தையா! மேடையில வயித்துல கத்தியோட இருபது நிமிஷம் பேசுனவன்டி நான்! குத்துனவனே கால் வலிச்சு உட்கார்ந்துட்டான்!

— தெரியுமே. முதல் வரிசைல நான்தானே இருந்தேன். பக்கத்துல ரெண்டு பேர் குறட்டை.

— அந்தக் கதை இப்ப எதுக்கு? இங்க பேசுனா என்ன கேடு?

— நீங்க தரையில விழுந்ததும் திரை ஓரத்துல ஒரு கட்டம் வரும். அடுத்த எபிசோடுக்கு இன்னும் பத்து விநாடின்னு. பத்து, ஒன்பது, எட்டு... அதுக்குள்ள செத்தாகணும்.

— உயிர் போறதுக்குக்கூட கெடுவா!

— இழுத்தீங்கன்னா அடுத்த எபிசோட் தானா ஓட ஆரம்பிச்சு, மேனேஜர் உங்க நாற்காலியில உட்கார்ந்துருவான். நீங்க இன்னும் துடிச்சுட்டே இருப்பீங்க.

— நாலு வரி குடு.

— ம்ஹூம்.

— ரெண்டு?

— வேணும்னா ஒரு இருமல் தரேன்.

— இருமலா! முப்பது வருஷம் நடிச்சவனுக்கு இருமலா! பெத்த பசங்க துரோகம் பண்ணிட்டாங்க, கட்டினவ விஷம் வெச்சுட்டா, நான் லொக்குனு ஒரு இருமு இருமிட்டுப் போகணுமா? ஊர் சிரிக்காது?

— கத்தாதீங்க, பக்கத்து வீட்ல கேட்கும். இந்தாங்க.

— என்ன இது?

— ஒரு பக்கம் வசனம். நேத்தே எழுதிட்டேன். அந்தக் கட்டம் வராம பார்த்துக்கங்கன்னு இந்தத் தொடரை வெளியிடுற கம்பெனிக்காரங்க கால்ல விழாத குறையாக் கேட்டிருக்கேன்.

— அட... அப்படி வா வழிக்கு! ஒரு தடவை படிச்சாப் போதும் எனக்கு. இப்பவே பேசிக் காட்டுறேன் பாரு.

— மெதுவாப் படிங்க...

— படிச்சாச்சு. பேப்பரைக் கீழ வெச்சாச்சு. கேட்டுக்கோ. "என் மக்களே..." இல்ல. "மக்களே, நான்..." இரு, இரு... கண்ணாடி எங்கே?

— மூக்கு மேலதாங்க இருக்கு.

— ஓ...

— இன்னொரு தடவை படிச்சுப் பாருங்க.

— இருமலே போதும்மா.

— ஏங்க...

— மனசுல நிக்க மாட்டேங்குது. படிச்ச அடுத்த நிமிஷமே துடைச்சு விட்ட மாதிரி போயிடுது. ஆறு மாசமா இப்படித்தான். நீ எழுதுன வசனத்தையே மறந்துட்டு நிக்கிறேன்னு உன்கிட்ட எந்த மூஞ்சியை வெச்சுட்டுச் சொல்றது? அசிங்கமா இருந்துச்சு.

— அப்ப போன வார ஷூட்டிங்? பிரமாதமாப் பேசுனீங்கன்னு எல்லாரும் சொன்னாங்களே?

— காதுக்குள்ள சின்னதா ஒண்ணு மாட்டிவிட்டாங்க. டைரக்டர் ஏற்பாடு. எவனோ ஒருத்தன் வரி வரியாச் சொல்லிக்குடுத்தான். சளி பிடிச்ச கரகரக் குரல். ஆனா கெட்டிக்காரன்... நான் எங்க மூச்சு விடுவேன்னுகூட அவனுக்குத் தெரிஞ்சிருந்துச்சு.

— யாருன்னு கேட்டீங்களா?

— யாருன்னுகூடக் கேட்டுக்கலை. ஒரு நன்றி சொல்லியிருக்கலாம். அவனுக்கு என்மேல என்ன அக்கறையோ...

— வாரம் பூரா ஏசி வேனுக்குள்ள மைக்கைப் பிடிச்சுட்டு உட்கார்ந்திருந்தா யாருக்குத்தாங்க சளி பிடிக்காது?