கல் தெரியும் நாள்

முகம் கழுவுவதாக இருந்தால் தண்ணீரைக் கொஞ்சம் சுடவைத்துக்கொள்ளுங்கள், கேப்டன். ஏப்ரல் மாதத்தில் எங்கள் ஏரித் தண்ணீர் பார்க்கத்தான் சாது. கையை விட்டால் எலும்புவரை கடுக்கும். மலைப்பனி உருகி வருகிற தண்ணீர். உங்கள் பையன்கள் அதிலேயே ஷேவ் செய்துகொள்வதைக் காலையில் பார்த்தேன். சளி பிடிக்கும், சொல்லிவையுங்கள்.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். சிகரெட் கொடுத்தீர்கள், கைக்கட்டை அவிழ்த்துவிட்டீர்கள், என்னிடம் இதுவரை எந்தப் பட்டாளத்துக்காரரும் பேசாத தன்மையில் பேசினீர்கள். "பியோ, நீ முன்கூட்டியே மதகத் தொறந்ததாலதான் என் கம்பெனில முக்காவாசிப் பேரு உசுரோட இருக்கான். எங்கள காப்பாத்தத்தான் அப்பிடிச் செஞ்சேன்னு ஒரு வார்த்த சொல்லு. சுடறதுக்குச் சுவத்துப் பக்கம் நிக்க வேண்டியதில்ல, வீட்டுக்குப் போயிடலாம்" என்றீர்கள். பெரிய மனசு. ஆனால் நடந்ததை நடந்தபடி சொல்லித்தான் எனக்குப் பழக்கம். கேட்டுவிட்டுப் பிறகு முடிவு செய்யுங்கள்.

நான் மதகு மேஸ்திரி. ஜப்பான்காரன் கட்டும்போதே வந்து சேர்ந்தவன். அவன் போனான், வடக்கு அரசாங்கம் வந்தது. போன இலையுதிர்காலத்தில் உங்கள் பட்டாளம் வந்தது. குளிரில் உங்களைத் துரத்திக்கொண்டு வடக்குக்காரர்கள் திரும்ப வந்தார்கள். கம்பத்தில் கொடிதான் மாறியது. மதகைத் தூக்கினால் கீழே இருப்பவனின் பாலம் போகும், இறக்கினால் ஆறு வற்றி டாங்கி கடக்கும். அதனால் எல்லோருக்கும் இந்த அணை வேண்டும். வந்தவர்கள் எல்லோருக்கும் நான் மதகைத் தூக்கினேன், இறக்கினேன். உங்கள் விமானங்கள் குண்டு போட்டபோதும் இங்கேதான் இருந்தேன். தண்ணீர் உள்ளே போகும் கம்பி வலையில் பிணங்கள் வந்து சிக்கும். கொக்கிக் கழியால் இழுத்துக் கரையில் போடுவேன். ஊறிப்போன பிணத்தில் சீருடை எந்த நிறம் என்று அவ்வளவு சுலபமாகத் தெரியாது. நானும் பார்த்ததில்லை. வலை அடைத்தால் சக்கரம் கெட்டுவிடும், அதுதான் என் கவலை.

நீங்கள் சியோல் நகரத்துக்காரர். ஹன்சிக் பண்டிகை அன்று உங்கள் வீட்டிலும் அடுப்பு மூட்டாமல் ஆறின சோற்றைக் கட்டிக்கொண்டு சமாதிக்குப் போயிருப்பீர்கள்; புல் செதுக்கி, கிண்ணத்தில் கள் ஊற்றிக் கும்பிட்டிருப்பீர்கள். எங்கள் காமாகோல் கிராமத்தில் அந்த நாளுக்கு வேறு பெயர்: கல் தெரியும் நாள். ஊர் இந்தக் கரையில், சமாதிகள் எதிர்ச் சரிவில். நடுவே ஆற்றைத் தாண்ட அந்தக் காலத்திலேயே போட்ட படிக்கற்கள் இருக்கின்றன. அணை வந்த பிறகு எந்நேரமும் விடுகிற தண்ணீரில் அந்தக் கற்கள் முழுகிப்போயின. பெரியவர்கள் வந்து அழுதார்கள். அன்றிலிருந்து வருஷத்தில் அந்த ஒரு நாள் மட்டும் காலையிலிருந்து மாலைவரை எல்லா மதகையும் இறக்கிவிடுவோம். ஆறு வற்றும், கல் தெரியும், சனங்கள் கடந்து போய் வருவார்கள். மற்ற நாளில் மதகைத் தூக்குமுன் மூன்று முறை சங்கு ஊதும். கல் தெரியும் நாளில் சங்கு ஊதவே ஊதாது. எத்தனை ஆட்சி மாறினாலும் அந்த வழக்கத்தை நான் மாற்றவில்லை. ஊரில் என் பேச்சுக்கு ஒரு மதிப்பு இருந்ததென்றால் அதனால்தான்.

என் மனைவி கும்ரேயும் வருஷா வருஷம் போவாள். அவளுடைய முதல் புருஷன் மா தல்சு அந்தச் சரிவில் இருக்கிறான். என் கையின் கீழ் வேலை பார்த்தவன். அணை கட்டும்போது சாரத்திலிருந்து விழுந்தான். அது விபத்து, அதைப் பற்றி நீங்கள் கேட்கவும் இல்லை. பிள்ளை இல்லாமல் போனான், கிண்ணம் ஊற்ற ஆளில்லை என்று அவள் போவாள். நான் தடுத்ததில்லை. என் உதவியாள் பே மன்கில் இருக்கிறானே, இருந்தானே, அவன் ஒருமுறை சோஜு குடித்துவிட்டு எல்லோர் முன்னாலும் சொன்னான்: "மேஸ்திரிண்ணே, பொண்டாட்டி பழைய புருஷனப் பாக்கப் போறதுக்கு ஆத்தையே நிறுத்தி வழி விடுற ஆம்பள இந்த நாட்டுலயே நீ ஒருத்தன்தான். வாயில வெரல வெச்சாக் கடிக்கத் தெரியாத மனுஷன்யா நீ." எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நல்ல வேடிக்கைக்காரன் அவன்.

இந்த வருஷம் ஹன்சிக் நெருங்கியபோது நீங்கள் எதிர்க்கரைக் காட்டில் வந்து இறங்கியிருந்தீர்கள். அணையைக் காத்துக்கொண்டிருந்தவர் வடக்குப் பட்டாளத்து மேஜர் ரிம். கெட்ட மனிதர் இல்லை. உள்ளூரில் பட்டினி என்று தம் ஆட்களின் சோளத்தில் பாதியை ஊருக்குக் கொடுத்தவர். அவரிடம் ஆளும் குறைவு, குண்டும் குறைவு. நான்தான் போய் யோசனை சொன்னேன். வழக்கம்போல மதகை இறக்குவோம். சனங்கள் கடப்பதைத் தென்பக்கத்துப் பட்டாளம் பார்க்கும். கிழவிகளே நடந்து போகிற ஆறென்றால் யாருக்கும் நம்பிக்கை வரும். அவர்கள் இறங்குவார்கள், நடு ஆற்றுக்கு வரட்டும், அப்போது நடு மதகைத் திறந்துவிடலாம்.

மேஜர் கேட்டார்: "நம்ம சனங்க என்னாவாங்க?"

"அவங்க மத்தியானத்துக்கு முன்னாடியே திரும்பிருவாங்க."

"கடைசிப் பொம்பள கரையேறினப்புறம்தான் மதகோட ஆணியில கை வெக்கணும். நான் சிவப்புத் துணி ஆட்டுவேன். அதுக்கு முன்னாடி தொறந்தே, நானே சுட்டுப்போடுவேன் ஒன்ன. புரியுதா?"

புரிந்தது என்றேன். அவர் சொன்னதில் ஒரு குறையும் இல்லை. சனங்கள் பிழைப்பார்கள், உங்கள் கம்பெனி முழுதும் போகும், அணை எங்களிடமே இருக்கும்.

அன்று காலை கும்ரே கூடையில் சாமான் எடுத்து வைத்துக்கொண்டிருந்தாள். நாங்கள் குளிர் முழுக்கத் தினைக்கஞ்சி குடித்தவர்கள். அவள் கூடையில் வெள்ளை அரிசிச் சோறு இருந்தது. எங்கே ஒளித்து வைத்திருந்தாளோ, நான் கேட்கவில்லை. பட்டாளம் எதிரே இருக்கிறது, இந்த வருஷம் போகாமல் இரு என்றும் நான் சொல்லவில்லை. ஒருத்தி போகாவிட்டால் மற்றவர்களும் தயங்குவார்கள்.

கூடையைக் கட்டிக்கொண்டே அவள் சொன்னாள்: "ஒண்ணு சொல்லணும். சண்ட நடக்குது, யாரு எப்பப் போவோம்னு தெரியல. நான் மொதல்ல போயிட்டா என்ன அந்தக் கரையில வெச்சிடுங்க. அவரு பக்கத்துல."

நான் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தேன்.

"கோவிச்சுக்காதீங்க. ஏழு வருஷமா உங்களுக்குச் சோறாக்கிப் போட்டேன், குறை வெக்கல. செத்தப்புறமாவது அவரு தனியா இல்லாம இருக்கட்டும். அவருக்கு வேற யாரு இருக்கா? உங்களுக்குத்தான் இந்த அணை இருக்கே."

ஆகட்டும் என்றேன். வேறு என்ன சொல்ல முடியும்? ஒரு புருஷனும் மனைவியும் ஒரே சமாதி மேட்டின் கீழ் படுப்பதுதான் எங்கள் வழக்கம். யாருக்குப் பக்கத்தில் படுக்க ஆள் இருக்கிறது, யாருக்கு இல்லை என்று ஊரே வருஷா வருஷம் வந்து பார்க்கும். நான் வேலைக்குக் கிளம்பினேன்.

மீதியில் பாதி உங்களுக்கே தெரியும். குண்டு விழுந்து மோட்டார் போன பிறகு நடு மதகை எடைக்கல் கட்டி, அதை ஓர் ஆணியால் பிடித்து நிறுத்தியிருந்தோம். ஆணியைச் சம்மட்டியால் தட்டினால் போதும், எடைக்கல் இறங்கும், மதகு மேலே போகும். நானும் மன்கில்லும்தான் மேலே இருந்தோம். வெயில் நன்றாக இருந்தது. சனங்கள் திரும்பி வர ஆரம்பித்தார்கள். முன்னால் வந்தவர்கள் கரையேறிவிட்டார்கள். பெண்கள் சிலர் பின்தங்கி வந்தார்கள், அவர்களிலும் கடைசியாகக் கும்ரே. அவர்கள் கல்லில் கால் வைத்த கொஞ்ச நேரத்தில் உங்கள் முதல் பிளட்டூன் காட்டிலிருந்து இறங்கி அவர்களுக்குப் பின்னாலேயே வந்தது. ஒரு பையன் ஒரு கிழவியின் கையைப் பிடித்துக் கல் தாண்டவைத்தான். உங்கள் மற்ற ஆட்கள் எல்லாம் இன்னும் கரையில்தான் நின்றார்கள்.

இன்னும் கொஞ்சம் பொறுத்திருந்தால் பெண்கள் ஏறியிருப்பார்கள், உங்கள் கம்பெனி முழுதும் இறங்கியிருக்கும். மேஜர் கீழே சிவப்புத் துணியை இடுப்பிலேயே செருகிக்கொண்டு நின்றார். நான் சம்மட்டியை எடுத்தேன்.

மன்கில் பார்த்துவிட்டான். "அண்ணே, என்னண்ணே பண்றே? பொம்பளைங்க ஆத்துக்குள்ள இருக்காங்க. அண்ணி இருக்காங்கண்ணே." அவன் சங்கின் கைப்பிடியைச் சுற்ற ஓடினான். சங்கு ஊதினால் எல்லோரும் உஷாராகிவிடுவார்கள். அதனால் பின்னாலேயே போய் அவன் தலையில் அடித்தேன். விழுந்தவன் எழுந்திருக்கப் பார்த்தான். கை தரையில் எதையோ தேடியது. இன்னொரு முறை அடித்தேன். மண்டை உடையும் சத்தம் பெரிதாக ஒன்றும் இருக்காது, கேப்டன். ஐஸ்மேல் கால் வைத்ததுபோல. சம்மட்டிக் காம்பில் ரத்தம் வழுக்கியதால் அதைச் சட்டையில் துடைத்துக்கொண்டு வந்து ஆணியைத் தட்டினேன்.

தண்ணீர் முதலில் மதகின் கீழ் வெள்ளைத் துணி விரித்ததுபோல வந்தது. பிறகுதான் சத்தம். ஓடிய உங்கள் பையன்கள் மூட்டை முடிச்சோடு கவிழ்ந்தார்கள். துப்பாக்கி வார் கழுத்தில் இறுக்கி ஒருவன் கல்லில் மோதினான், மறுபடி மோதினான், மூன்றாவது முறை வந்தபோது முகம் இல்லை. கிழவியும் கை பிடித்த பையனும் சேர்ந்தே போனார்கள். பெண்களின் வெள்ளைப் பாவாடைகள் காற்றடைத்துக் கொஞ்ச தூரம் மிதந்தன, அப்புறம் பாறை இடுக்கில் இழுக்கப்பட்டு ஒவ்வொன்றாக மறைந்தன. கரையில் இருந்த பிள்ளைகள் கத்தினார்கள். இங்கே வரைக்கும் கேட்டது.

மேஜர் துப்பாக்கியோடு படியேறி ஓடிவந்தார். "யார்ரா தொறக்கச் சொன்னது? பாவி, யார்ரா சொன்னது?" அழுதுகொண்டிருந்தார். சுட்டது என் மேல் படவில்லை. அடுத்தது சுடுவதற்குள் உங்கள் பீரங்கிக் குண்டு படிக்கட்டில் விழுந்தது. அவருடைய கால் ஒன்று என் பக்கத்தில் வந்து கிடந்தது, பூட்ஸோடு. அதற்குப் பிறகு உங்கள் ஆட்கள் மலைப்பாதையைச் சுற்றி வந்தார்கள். தம் தோழர்களைத் தண்ணீர் அடித்துப் போனதைப் பார்த்த கோபம் அவர்களுக்கு. மேஜரின் ஆட்களில் கை தூக்கியவர்களையும் விடவில்லை. மதகு மேடையில் துப்பாக்கிமுனைக் கத்திகளால் குத்திக் குத்தித் தள்ளினார்கள். அது உங்களுக்கும் தெரிந்ததுதான், நான் குறை சொல்லவில்லை. இப்போது அணை உங்களுடையது. மதகு, சுவர், எல்லாம் நன்றாகவே இருக்கின்றன.

ஆக, உங்களைக் காப்பாற்றவா முன்கூட்டியே திறந்தேன் என்று கேட்டால், இல்லை. உங்கள் ஆட்களைப் பற்றி நான் நினைக்கவே இல்லை. அவர்கள் பிழைத்ததும் தற்செயல், செத்ததும் தற்செயல். சண்டை நேரத்தில் அவசரத்தில் கை முந்திவிட்டது என்று சொல்லலாம். நேற்று உங்கள் சார்ஜெண்டிடம் அப்படித்தான் சொன்னேன். அதுவும் சரியில்லை. நான் அவசரப்படுகிற ஆள் இல்லை. அவள் நடுக்கல்லுக்கு வரும்வரை காத்திருந்தேன். அங்கேதான் ஆழம் அதிகம், இழுப்பும் அதிகம். அங்கே போனது எதுவும் இந்த ஊர்க் கரையில் ஒதுங்காது என்று எனக்குத் தெரியும்.

எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். கும்ரே மேல் எனக்குக் கோபம் ஒன்றும் கிடையாது. நல்ல மனுஷி, ஒரு நாளும் எதிர்த்துப் பேசினதில்லை. நான் கேட்பது ஒன்றே ஒன்று. கீழே பாலத்தூண் பக்கம் உங்கள் ஆட்கள் பிணங்களை எடுத்து அடுக்குகிறார்களாம். நீல முடிச்சு வைத்த ரவிக்கை போட்டவள் கிடைத்தால் ஊராரிடம் கொடுத்துவிடாதீர்கள். அவர்கள் நல்லது செய்வதாக நினைத்து அந்தச் சரிவுக்குத் தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள். என்னைச் சுட்டால் என்னோடு போடுங்கள், ஒரே குழியில். அவள் என் மனைவி, கேப்டன். இப்போது அவள் வரமாட்டேன் என்று சொல்லமாட்டாள்.