மஸ்கட்டுக்குப் போகும் கேசட்

— மறுபடியும் போடறேம்மா. அப்பா பேசினதுல அந்த எடம் சரியா கேக்கல.

— கேட்டது போதும், அசரியா. டேப்ப அணை.

— இல்லம்மா, ‘போன கேசட்ல’ன்னு ஏதோ சொன்னாரே.

— ‘போன கேசட்ல நீ பேசும்போது பின்னால ஒரு ஆம்பள “ஜோதி, காபி ஆறுது”ன்னான். யாரு அவன்?’ இதான் கேக்கறார். மஸ்கட்ல உக்காந்துகிட்டு.

— அய்யோ, அது நாந்தானே. அப்பா உன்னக் கூப்பிடற மாதிரி சும்மா கூப்பிட்டுப் பார்த்தேன்.

— தெரியும். நான் சிரிச்சேன். அதுவும் பதிவாயிருக்கு.

— பேஜாராப் போச்சும்மா. என் குரல் அப்பாவுக்குத் தெரியாதா?

— எப்படித் தெரியும்? அவர் கெளம்பும்போது நீ சர்ச்ல பொம்பளப் பிள்ளைங்க வரிசைல நின்னு பாடிட்டிருந்த. குரல் ஒடைஞ்சப்புறம் ஒரு கேசட்லயாவது பேசினியா? ‘தகர டப்பா மாதிரி இருக்கு, அப்பாகிட்ட சொல்லாத’ன்னு சத்தியம் வேற வாங்கின.

— இப்ப சொல்லிடேன், உங்க புள்ளதான்னு.

— நான் சொன்னா நம்பற ஆளு இப்படிக் கேப்பாரா? டேப்ப ஏன் அணைக்கச் சொன்னேன்னு நெனைக்கற? அதுக்கப்புறம், வீட்டப் பூட்டி சாவிய உங்க சித்தப்பாகிட்ட குடுத்துட்டு, அனகாபுத்தூர்ல எங்கண்ணன் வீட்டுக்குப் போயிடுன்றார்.

— மெய்யாலுமா?

— அப்பாகூட வேலை பாக்கற அப்பாதுரை அண்ணன் லீவு முடிஞ்சு நாளைக்கு மஸ்கட் போறார். கேசட் வாங்க இப்ப வந்துடுவார். நீ பேசு.

— நடுவுல குரல் கீச்சுன்னு போயிடும்மா. மானம் போயிடும்.

— போகட்டும். கீச்சுன்னு போனாதான் புள்ளைன்னு நம்புவார்.

— என்னன்னு பேச?

— மன்னிப்புக் கேளு. பதிவு பண்ற செவப்பு பட்டனையும் சேர்த்து அமுக்கு.

— நீ குறுக்க பேசாத... அப்பா, நான் அசரியா. காபி ஆறுதுன்னு சொன்னது நான்தான். வெளையாட்டுக்குச் சொன்னேன். மன்னிச்சுக்கங்க.

— படிப்பப் பத்தியும் ரெண்டு வார்த்தை சொல்லு.

— டேப் ஓடுதும்மா... அப்பா, வீட்டப் பூட்ட மாட்டோம். சாவி என்கிட்ட இருக்கு. அம்மாவ இனிமே இப்படிக் கேக்காதீங்க. கேக்கறதா இருந்தா என்னைக் கேளுங்க... அவ்வளவுதான். அணைச்சிட்டேன்.

— அடேய், அசரியா!

— ஏம்மா அப்படிப் பாக்கற? அதிகமாப் பேசிட்டேனா? அழிச்சிடட்டுமா?

— அதில்லடா. ஒரு எடத்துலகூட கீச்சுன்னு போகலையே. இத உன் குரல்னு அவர் எப்படி நம்புவார்?