சிவப்புக் கயிறு

மழைக்காட்டில் முதலில் பூஞ்சை பிடிப்பது ஷூவில்தான், சார். எங்கள் இரண்டு ஜோடியும் மூன்றே நாளில் பச்சையாகிவிட்டன. என் தம்பி அதையும் மைக் வைத்துக் கேட்டுப் பார்த்தான். ஒலிப்பதிவுக்காரன். எறும்பு நடந்தாலும் கேட்கும் என்பதால் அவனைக் 'காது' என்றுதான் கூப்பிடுவோம்.

நான் எடுத்த படத்தில் கதை கிடையாது. விழுந்து கிடக்கும் ஒரு மரத்தைக் காளான்கள் தின்கின்றன, அவ்வளவுதான். நகராத கேமரா, பத்து நிமிடத்துக்கு ஒரு ஃபோட்டோ, நாற்பது நாள். நடுவில் ஒரு கால் பட்டுப் பாசி நசுங்கினால் அத்தனையும் வீண். அதனால் ஃபிரேமின் எல்லையில் சிவப்புக் கயிறு கட்டினோம். கட்டியவன் அவன்தான்.

புறப்படும்போது அவன் மனைவி சிரித்துக்கொண்டே சொன்னாள்: "காட்டுக்குள்ள போயிட்டா ரெண்டு பேருக்கும் வீடு மறந்துடும். குழந்தை பிறக்கறதுக்குள்ள இவரைக் கொண்டுவந்து விட்டுடுங்க மாமா." சரி என்றேன்.

முப்பத்தோராம் நாள் மத்தியானம், மழையில் ஒரு பெரிய கிளை முறிந்து அவன் தொடை எலும்பை உடைத்தது. கயிற்றுக்கு அந்தப் பக்கம், விழுந்த மரத்தின் மறைவில் கிடந்தான். ஃபிரேமின் நடுவே போனால் இருபது அடி. சுற்றிப் போனால் செங்குத்துச் சரிவு. தூக்கி வர நாலு ஆளாவது வேண்டும். நாலு ஆள், எட்டுக் கால். இன்னும் ஒன்பது நாள்தான் மிச்சம் இருந்தது.

மாலையில் வழக்கம்போல் வனக்காவலர் வாக்கிடாக்கியில் கூப்பிட்டார். "ரெண்டு பேரும் நல்லா இருக்கீங்களா?" நன்றாக இருக்கிறோம் என்றேன். மறுநாளும், பிறகு ஒவ்வொரு நாளும் அதையே சொன்னேன்.

அவன் சட்டையில் மைக் இருந்தது. ஹெட்போனைக் கழற்றாமல் இரண்டு நாள் அவன் கூடவே இருந்தேன். வேறு யார் அப்படி இருந்திருப்பார்கள்? தண்ணீர் கேட்டான். ஒரு தடவைகூட என்னைத் திட்டவில்லை. "அண்ணா, காவலர்கிட்ட சொல்லிட்ட இல்ல? ஆளுங்க வந்தா சரிவுப் பக்கமா வரச் சொல்லு. தெரியாம மிதிச்சுடப் போறாங்க."

பிறகு மூச்சு மட்டும் கேட்டது. பிறகு மழை. அழுதேன் சார். அவன் என் உயிர். இன்றைக்கும் சோறு இறங்கவில்லை.

நாற்பதாம் நாள் கேமராவை நிறுத்திவிட்டு, காவலரை நானே கூப்பிட்டேன். அவன் விழுந்த இடத்தில் இல்லை. நேராக வந்திருந்தால் இருபது அடியில் என்னைத் தொட்டிருப்பான். உடைந்த காலோடு சுற்றிக்கொண்டு, சரிவின் ஓரமாக ஊர்ந்து, பாதி வழியில் கிடந்தான். கயிறு கட்டியது கட்டியபடி இருந்தது.

காப்பாற்றியிருக்க முடியும், காப்பாற்றவில்லை. அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். படத்தை மட்டும் வெட்டிவிடாதீர்கள். நாற்பது நாளில் ஒரு மனிதக் கால்கூட அதில் இல்லை. முப்பத்திரண்டாம் நாள் மட்டும், சரிவுப் பக்கத்து ஓரத்தில் ஒரு பெரணிச் செடி சாய்கிறது. பார்க்கிறவர்கள் காற்று என்றுதான் நினைப்பார்கள். நானும் அதைக் காற்றாகவே பார்த்துப் பழகி வருகிறேன்.