சிரித்தால் திறக்கும் புத்தகம்

நான் இயல்பிலேயே கலகலப்பான ஆள், ஐயா. என் பக்கத்தில் உட்கார்ந்தால் பொழுது போவதே தெரியாது என்பார்கள். நீங்களும் இன்று வீட்டுக்குத் தாமதமாகத்தான் போகப்போகிறீர்கள், பாருங்கள்.

நூலகத்தின் பின்னறையில் எனக்கு பைண்டிங் வேலை. அந்தப் புத்தகம் அங்கேதான் பழுது பார்க்க வந்தது. கடல்நாகத்தின் தோலில் அட்டை. அரசர்கள் தோன்றுவதற்கு முன்பே எழுதப்பட்டது என்றார்கள். முதல் பக்கம் மட்டும் திறந்தது. உலகத்து ரகசியங்கள் எல்லாம் உள்ளே இருக்கின்றன, கடைசிப் பக்கத்தில் எல்லாத் துயரத்துக்கும் மருந்து இருக்கிறது என்று அதில் எழுதியிருந்தது. மற்ற பக்கங்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தன. ஆவி காட்டிப் பார்த்தேன், கத்தி நுனியை விட்டுப் பார்த்தேன். ம்ஹூம், அசைந்து கொடுக்கவில்லை.

எங்கள் மேலாளருக்கு உம்மணாமூஞ்சி என்று பட்டப்பெயர். அவர் சிரித்து ஈ எறும்புகூடப் பார்த்ததில்லை. பசை புளித்துவிட்டதா என்று சட்டியை மோந்து பார்ப்பது எங்கள் தொழிலில் வழக்கம். அன்று கொஞ்சம் அதிகமாகவே குனிந்துவிட்டேன் போலிருக்கிறது, மீசை பசையில் தோய்ந்துவிட்டது. அது தெரியாமல் மேசைமேல் சாய்ந்தேன். ஒரு முழுத் தாள் மூஞ்சியில் ஒட்டிக்கொண்டது. அந்த நேரம் பார்த்து மேலாளர் கூப்பிட்டார். தாளுக்குப் பின்னாலிருந்து, "சொல்லுங்க சார்" என்றேன்.

மனிதர் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். மேசையில் இருந்த புத்தகம் படக்கென்று ஒரு பக்கம் திறந்துகொண்டது.

அதன்பிறகு அவருக்குச் சிரிப்பு வரவே இல்லை. எப்போதும் உம்மென்று இருப்பவர் என்பதால் அதை யாரும் கண்டுபிடிக்கவும் இல்லை. முதல் ஆளாக அவர் அமைந்தது என் அதிர்ஷ்டம்.

நிழலைக் கழற்றி வேலைக்கு அனுப்பும் வித்தை அந்தப் பக்கத்தில் இருந்தது. சந்தோஷத்தில் எனக்குத் தலைகால் புரியவில்லை. புத்தகத்தை இடுக்கிக்கொண்டு, நிழலை முன்னால் டீக்கடைக்கு அனுப்பினேன். அது தூக்குவாளியும் கையுமாக வரிசையில் நின்றதைப் பார்த்துக் கடைக்காரர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அடுத்த பக்கம் திறந்தது. மேகத்தைச் சுருக்கிக் குடத்தில் அடைக்கும் வித்தை. அதைக் காட்டினேன், தெருவே சிரித்தது. பக்கங்கள் மளமளவென்று புரண்டன. அந்த நாட்களில் நான் நடந்தேனா மிதந்தேனா என்று எனக்கே தெரியாது.

டீக்கடைக்காரரின் மனைவி என்னைத் தேடி வந்தார். "அண்ணே, இவரு பேயடிச்ச மாதிரி உக்காந்திருக்காரு. சோத்தைப் பிசைஞ்சு வாயில வச்சாலும் முழுங்க மாட்டேங்குறாரு."

பாவமாக இருந்தது. ஆறுதலாக இருக்கட்டும் என்று என் மீசைக் கதையைச் சொன்னேன். கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்துவிட்டார். புத்தகம் என் பையில் இருந்தது, அதற்கு நான் என்ன செய்ய.

கடைக்காரர்தான் முதலில் போனார். பிறகு தெருவில் இன்னும் சிலர். தூக்கிக்கொண்டு போனபோது யாரும் அழவில்லை. சிரிப்பு போனால் கூடவே அழுகையும் போய்விடும் போல. ஒரு வகையில் அமைதியாகத்தான் இருந்தது. மருந்து கைக்கு வந்ததும் எல்லோரையும் தேற்றிவிடலாம் என்று நினைத்தேன். நல்ல காரியத்தைப் பாதியில் விடுவது எனக்குப் பிடிக்காது.

கடைசிப் பக்கம் மட்டும் மிச்சம் இருந்தபோது ஊரில் சிரிக்க ஆளில்லை. என் அக்காகூட முன்பே ஒரு பக்கம் திறந்து கொடுத்துவிட்டாள், அவளுக்குத் தெரியாமல்தான். அவளுடைய கைக்குழந்தை இன்னும் சிரிக்க ஆரம்பிக்கவில்லை.

"எனக்கு என்னமோ ஆயிடுச்சுடா தம்பி," என்றாள். "புள்ளையைத் தூக்கணும்னுகூடத் தோண மாட்டேங்குது. இது ஒரு தடவை சிரிச்சுட்டா எனக்கும் சரியாயிடும்னு காத்துக்கிட்டிருக்கேன். கொஞ்சம் வச்சுக்கடா, தண்ணி எடுத்துட்டு வந்துடறேன்."

தாய்மாமன் நான், வேறு யாரை நம்பி விடுவாள். மடியில் போட்டுக்கொண்டேன். மீசையால் வயிற்றில் குறுகுறுவென்று உரசினேன். பல்லில்லாத வாயைத் திறந்து பாப்பா களுக்கென்று சிரித்தது. என் வாழ்நாளில் அவ்வளவு அழகான சத்தத்தைக் கேட்டதில்லை. அது முதல் சிரிப்பு. புத்தகமும் திறந்தது.

சொன்னபடியே மருந்து இருந்தது, ஐயா. எழுதியவர் பொய் சொல்லவில்லை. படிப்பவன் தன் சிரிப்பைக் கொடுத்தால் உயிரோடிருப்பவர்களுக்கு அவரவர் சிரிப்பு திரும்பிவிடும் என்று ஒரே ஒரு வரி.

நான் யோசித்தேன். பாப்பா கூரையையே பார்த்துக்கொண்டு கிடந்தது. பின்கட்டில் அக்கா குடம் நிரப்பும் சத்தம் கேட்டது. அவள் வருவதற்குள் அந்தத் தாளைக் கிழித்தேன். பைண்டர் கை அல்லவா, ஓரத்தில் ஒரு பிசிறுகூட இல்லை. நாலாக மடித்து வாயில் போட்டு, மென்று விழுங்கிவிட்டேன்.

சுயநலம் என்று நினைத்துவிடாதீர்கள். ஊரே உம்மென்று உட்கார்ந்திருக்கிறது. நானும் சிரிப்பைக் கொடுத்துவிட்டால், பாவம், அவர்களைச் சிரிக்கவைக்க வேறு யார் இருக்கிறார்கள்?