நனையாத போர்வை

எண்ணெய் பட்ட தோலில் பிளாஸ்திரி நிற்காது. சமையல்காரிக்குக்கூடத் தெரிந்த விஷயம் இது.

பதினோரு வருடமாக மணிலாவின் கவர்ச்சிப் படங்களில் உடைகளுக்கு நான்தான் பொறுப்பு. நடிகைகளின் தோலை ஸ்பிரிட்டால் துடைத்து, காயவிட்டு, மறைக்க வேண்டிய இடங்களில் பிளாஸ்திரி ஒட்டுவேன். காட்சி முடிந்ததும் போர்வை போர்த்துவேன். ‘கட்’ சொல்லும்வரை யாரும் கேமராவுக்கு முன்னால் போகக்கூடாது. அப்படித்தான் பழகியிருக்கிறோம்.

ரொசெண்டாவுக்கு இருபத்தாறு வயது. மெல்லிய வெள்ளை உள்ளாடையோடு ஆற்றில் நனைவாள், உள்ளே பிளாஸ்திரி இருக்கும், அதற்கு மேல் கிடையாது என்று எழுதி வாங்கியிருந்தாள். முதல் நாள் எடுத்த காட்சியில் துணிக்குள் பிளாஸ்திரி தெரிந்தது.

“என்ன டினாய், ஆஸ்பத்திரிப் படமா எடுக்கறோம்?” என்று என்னிடம் கேட்டார் இயக்குநர். வேறொன்றும் சொல்லவில்லை. என்ன வேண்டுமென்று எனக்குப் புரிந்தது. அதற்கு முன் மூன்று பெண்களுக்குப் பிளாஸ்திரி நிற்காதபடி செய்திருக்கிறேன். அழுதார்கள். பிறகு மதியச் சோறு சாப்பிட்டார்கள்.

மறுநாள் காலை ரொசெண்டாவுக்கு ஸ்பிரிட்டுக்குப் பதில் தேங்காயெண்ணெய் தடவினேன். உரிக்கும்போது வலிக்காது என்றேன்.

“நல்லதாப் போச்சுக்கா. நேத்து தோலோட வந்துச்சு.” பிறகு கேட்டாள். “நிக்குமில்ல? கப்பல்ல இருக்கற என் புருஷன் இது ஒண்ணுதான் கேட்டார்.”

“நிக்கும்.”

ஒவ்வொருத்தியும் கேட்கும் கேள்விதான். பதில் சொல்லிச் சொல்லிக் களைத்துவிட்டேன்.

முந்தின வாரம் புயல் மழை. ஆற்றில் இழுப்பு இருந்தது. இடுப்பளவு நீரில் அவள் எழுந்தபோது பிளாஸ்திரி தனியாக மிதந்து போனது. குனிந்து பார்த்துக்கொண்டாள். பிறகு என்னைப் பார்த்தாள். கேமராவைப் பார்க்கவில்லை. மார்பைக் கைகளால் மூடிக்கொண்டு பின்னால் ஓரடி வைத்தாள். அங்கே ஆழம்.

“நிறுத்தாதே, ஓடட்டும்,” என்றார் இயக்குநர். எல்லோரும் நடிப்பு என்றே நினைத்தார்கள். அவளுக்கு நீச்சல் தெரியாதென்று எனக்குத் தெரியும். உடை மாற்றும்போது சொல்லியிருந்தாள்.

இரண்டு முறை தலை தெரிந்தது, மூன்றாம் முறை தெரியவில்லை. நான் கரையில் போர்வையை விரித்துப் பிடித்தபடி நின்றேன். பிலிம் தீர்ந்த பிறகுதான் ‘கட்’ வந்தது.

எண்ணெய் தடவியது நான்தான் ஐயா. வாக்குமூலத்தில் எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் என் வேலையில் குறை சொல்ல முடியாது. அந்தப் போர்வை வெளியே பெஞ்சில் இருக்கிறது. தொட்டுப் பாருங்கள், அவளுக்காக உலர்வாகவே வைத்திருந்தேன்.